வினாடியக்காவின் காலைப் பூஜ்யம்

ராக்கெட் எஞ்சின் சோதனைத் திடலில் அவளை எல்லோரும் வினாடியக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். சம்பளப் பட்டியலில் என்ன பெயர் இருக்கிறதோ, அது சம்பளம் போடுகிறவருக்குத்தான் தெரியும். வயது ஐம்பத்திரண்டு. ஆள் குள்ளம், குரல் மட்டும் ஆறடி. வேலை எடை போடுவது. எடை போட்டபடியே பேசுவாள், பேசியபடியே சிரிப்பாள், சிரிப்பு முற்றிப்போனால் பக்கத்தில் இருப்பவர் முதுகில் ஓங்கி ஓர் அடி வைப்பாள். அந்த அடிக்குப் பயந்தே கட்டுப்பாட்டு அறையில் அவளுக்கு இடப்பக்கத்து நாற்காலி எப்போதும் காலியாகக் கிடக்கும்.

ராக்கெட் இருக்கும் இடத்தில் எடை போடுகிறவளுக்கு என்ன வேலை என்கிறீர்களா? அங்கே எல்லாமே எடைதான் ஐயா. எஞ்சினை ஓர் இரும்புக் கூண்டுக்குள், வாய் கீழே இருக்கும்படி தொங்கவிட்டுக் கொளுத்துவார்கள். தீ கீழே பள்ளத்துக்குள் பாயும். எஞ்சின் மேலே எகிறப் பார்க்கும். அதன் தலைக்கு மேலே இருக்கும் தராசு, எத்தனை கிலோ பலத்தோடு முட்டுகிறது என்று சொல்லும். ஒரு வினாடிக்கு எஞ்சின் எத்தனை கிலோ குடித்தது என்று பார்த்து, அந்தக் கணக்கால் இதை வகுத்தால் வருவதுதான் வினாடி. அதாவது, ஒரு கிலோ எரிபொருளை வைத்துக்கொண்டு ஒரு கிலோ எடையை எத்தனை வினாடி அந்தரத்தில் தாங்கிப் பிடிக்கலாம் என்பது. வினாடி கூடினால் எஞ்சின் கெட்டிக்கார எஞ்சின்.

இதை அவள் தன் வீட்டுக்காரருக்கு ஒரே வார்த்தையில் புரியவைத்துவிட்டாள்: மைலேஜ். அவர் திடலின் ஊழியர் பஸ்ஸை ஓட்டுகிறவர். டீசல் குடிக்கும் பஸ்ஸோடு முப்பது வருடம் மல்லுக்கட்டியவர். சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்ததும் ஆரம்பித்துவிடுவார்.

“ஏம்மா, திட எரிபொருள்னு ஒன்னு இருக்கே, அது என்ன மைலேஜ் குடுக்கும்?”

“இருநூத்தி நாப்பது, இருநூத்தம்பது வினாடி. ஆனா பத்த வெச்சா வெச்சதுதான், அணைக்க முடியாது.”

“பிரேக் இல்லாத வண்டி. வேணவே வேணாம். ஹைட்ரஜன்?”

“அதுதான் ராஜா. மேல காத்தில்லாத இடத்துல நானூத்தம்பது வரைக்கும் இழுக்கும். ஆனா எடையே இல்லாம இடத்தை மட்டும் அடைச்சுக்கும். டேங்க்கை இந்த வீட்டளவுக்குக் கட்டணும். போதாததுக்கு, வெல்டிங்ல மயிரிழை ஓட்டை இருந்தாலும் நழுவி ஓடிடும்.”

“மூவாயிரம் வினாடி குடுக்கிற எஞ்சின் ஒன்னு இருக்குன்னு அன்னைக்குச் சொன்னியே?”

“அது மின்சாரத்துல ஓடுறது. மூவாயிரம் குடுக்கும், வாஸ்தவம்.”

“அப்ப அதையே வெச்சுக்க வேண்டியதுதானே! என் பஸ்ஸை நகர்த்துமா?”

“உங்க பஸ்ஸுக்குள்ள கிடக்கிற ஒரு காகிதத்தை நகர்த்தும்.”

அவருக்குச் சிரிப்பில் புரையேறிவிட்டது. வினாடியக்கா முதுகில் தட்டிய தட்டில் புரையும் போயிற்று, பசியும் போயிற்று.

அவள் பெரிய படிப்பெல்லாம் படித்தவள் இல்லை. இருபது வருடத்துக்கு முன்பு நெடுஞ்சாலை ஓரத்து எடை மேடையில் லாரிகளுக்கு எடை போட்டுக்கொண்டிருந்தாள். லாரிக்காரர்களின் தகிடுதத்தமெல்லாம் அவளுக்கு அத்துப்படி. தண்ணீர் டிரம்மை நிரப்பிக்கொண்டு வந்து மேடையில் ஏறுகிறவன், கிளீனரை மூட்டைகளுக்கு நடுவே படுக்க வைக்கிறவன், எல்லோரையும் பார்த்தவள். அங்கே படித்த முதல் பாடம், காலையில் வந்ததும் காலி மேடையில் முள்ளைப் பூஜ்யத்தில் நிறுத்த வேண்டும் என்பது. பூஜ்யம் சரியாக இருந்தால் அன்றைக்கு எவனும் அவள் கண்ணில் மண்ணைத் தூவ முடியாது. திடலின் தராசு ஒருமுறை மக்கர் செய்தபோது பழுது பார்க்க வந்தாள். வந்தவளை அங்கேயே பிடித்துப் போட்டுக்கொண்டார்கள்.

திடலிலும் அதே வழக்கம்தான். காலை ஏழு மணி, பைப்புகள் காலி, கூண்டு வெதுவெதுப்பு. பூஜ்யம் வைத்துவிடுவாள். அந்தக் காலத்தில் பூஜ்யப் பொத்தான் கூண்டிலேயே இருந்தது. கடுங்குளிரான திரவ ஆக்சிஜன் பைப்பில் ஓட ஆரம்பித்துவிட்டால் மனிதர் யாரும் கிட்டே போகக்கூடாது. அதனால் முன்கூட்டியே வைத்துத்தான் ஆக வேண்டும். பிறகு பொத்தான் கட்டுப்பாட்டு அறைக்குள் வந்துவிட்டது. ஆனாலும் ஏழு மணிப் பழக்கத்தை யாரும் மாற்றவில்லை. இன்னொன்றும் உண்டு. முன்பு தராசின் கோடு காகிதச் சுருளில் விழும். காகிதம் வீணாகக் கூடாது என்று, தீ பற்றும்போது கருவியை ஓடவிட்டு, தீ அணைந்த கணமே நிறுத்திவிடுவாள். காகிதம் போய்த் திரை வந்த பிறகும் அவள் விரல் நிறுத்தும் பொத்தான் மேலேயே இருக்கும்.

இப்போது நாத்தனாரிடம் வருவோம். வீட்டுக்காரரின் தங்கை, அதே வீட்டு மாடியறையில்தான் இருந்தாள். மீத்தேன் எஞ்சின் குழுவின் தலைவி. பதினோரு வருடமாக அந்த ஒரே எஞ்சினைக் கட்டி அழுதுகொண்டிருந்தாள். அண்ணியும் அவளும் ஒரு நாளைக்கு நாலு சண்டை போடுவார்கள், ஐந்து முறை சமாதானம் ஆவார்கள். கணக்கு இடிக்கிறதே என்று யாரும் கேட்டதில்லை.

அவளுக்கு எதிராளி மண்ணெண்ணெய் மாமா. உருண்டையான மனிதர், அடுத்த வருடம் ஓய்வு. அவருடைய மண்ணெண்ணெய் எஞ்சின் ஆறு முறை வானத்துக்குப் போய் வந்த சாதனை எஞ்சின். அதன் எண் இருநூற்று எண்பத்தொன்பது வினாடி. இருபது வருடமாக அந்த எண்ணுக்குக் கையெழுத்துப் போட்டவள் வினாடியக்கா. மண்ணெண்ணெய் அடர்த்தியானது, சின்ன டேங்க் போதும். ஆனால் எரிந்தால் எஞ்சினுக்குள் கரி பிடிக்கும். மீத்தேன் கரி வைக்காது, வினாடியும் கூடுதல். டேங்க்தான் பெரிதாக வேண்டும். ஆகவே இயக்குநரம்மா கறாராகச் சொல்லிவிட்டார்: “மண்ணெண்ணெயை விடப் பத்து வினாடியாவது கூட வரணும். வந்தா அடுத்த ராக்கெட் மீத்தேன். வரலைன்னா எஞ்சின் கிடங்குக்கு, குழுவைக் கலைச்சிடுவேன்.”

அப்படியென்றால் நாத்தனாருக்கு இருநூற்றுத் தொண்ணூற்றொன்பது வேண்டும். அவ்வளவுதான் விஷயம். பதினோரு வருடம் அந்த ஒற்றை எண்ணில் தொங்கியது.

சோதனை நாளன்று நாத்தனாருக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. ஒரு காலில் பழுப்புச் செருப்பும் மறு காலில் கறுப்புச் செருப்பும் போட்டுக்கொண்டு பஸ்ஸில் ஏறினாள். வினாடியக்கா வழக்கம்போல ஏழு மணிக்குப் பூஜ்யம் வைத்தாள். பத்து மணிக்கு எஞ்சின் பற்றியது. தரை அதிர்ந்தது, ஜன்னல் கிடுகிடுத்தது, மேசை மேல் இருந்த டீ டம்ளர்கள் தாமாகவே ஊர்ந்து போய்க் கீழே விழுந்தன. நாற்பது வினாடி. அணைந்தது. கணிப்பொறி வகுத்துக் காட்டியது: முந்நூற்றுப் பதினொன்று.

அடடா, அப்புறம் அந்த அறை அறையாகவா இருந்தது! யாரோ ஹெல்மெட்டைத் தூக்கி எறிந்தார்கள், அது விளக்கில் பட்டுக் கண்ணாடி உடைந்தது. நாத்தனார் ஓடி வந்து வினாடியக்காவை நாற்காலியோடு கட்டிக்கொண்டு மூன்று சுற்றுச் சுற்றினாள். “அண்ணி! முந்நூத்திப் பதினொன்னு அண்ணி!” என்று ஒரே கூச்சல். வினாடியக்காவும் தலைகால் புரியாமல் ஆடினாள். நடனம் தெரியுமா தெரியாதா என்றெல்லாம் பார்க்கவில்லை. மண்ணெண்ணெய் மாமா கூட எழுந்து வந்து கைதட்டினார். யாரோ ஒளித்து வைத்திருந்த கேக்கை எடுத்து வந்தார்கள்.

மூச்சு வாங்க நாற்காலியில் வந்து விழுந்தவள் திரையைப் பார்த்தாள். கோடு இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. ஆடிய ஆட்டத்தில் நிறுத்தும் பொத்தானை அமுக்க மறந்திருக்கிறாள். இருபது வருடத்தில் முதல் தடவை.

கோடு பூஜ்யத்தில் இல்லை. நானூற்று நாற்பத்தெட்டில் நின்றது.

எஞ்சின் அணைந்து நாலு நிமிடம் ஆயிற்று. அணைந்த எஞ்சின் நானூற்று நாற்பத்தெட்டு கிலோ பலத்தோடு மேலே முட்டிக்கொண்டிருந்தது. அதைப் பார்த்ததும் அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சிரித்துக்கொண்டே கேமராப் படத்தைப் பார்த்தாள். மேலிருந்து எஞ்சினுக்கு இறங்கும் இரண்டு பைப்புகளும், ஆக்சிஜன் ஒன்று, அதே போலக் கடுங்குளிரான திரவ மீத்தேன் ஒன்று, உறைபனி பூத்து வெள்ளை வெளேரென்று இருந்தன. குளிர்ந்தால் இரும்பு சுருங்கும். சுருங்கிய இரண்டு பைப்பும் எஞ்சினை மேலே பிடித்து இழுத்துத் தராசோடு அழுத்திக்கொண்டிருந்தன. காலையில் வெதுவெதுப்பாக இருந்தபோது வைத்த பூஜ்யத்துக்கு அது எப்படித் தெரியும்? லாரி மேடையில் பைப்பு ஏது, குளிர் ஏது!

சிரிப்பு அப்படியே நின்றுபோனது. எஞ்சின் வினாடிக்கு முப்பத்திரண்டு கிலோ குடித்திருந்தது. நானூற்று நாற்பத்தெட்டை முப்பத்திரண்டால் வகுத்தால் பதினாலு. முந்நூற்றுப் பதினொன்றில் பதினாலு போனால் இருநூற்றுத் தொண்ணூற்றேழு. வேண்டியது தொண்ணூற்றொன்பது.

கோடு மெல்ல இறங்க ஆரம்பித்திருந்தது. நானூற்று நாற்பத்தாறு, நாற்பத்தொன்று. பைப் சூடேறச் சூடேற அது பூஜ்யத்துக்கு வந்துவிடும். இப்போதே நிறுத்தி, வால் பக்கத்தை அழித்துவிட்டால் ஈ காக்கைக்குக்கூடத் தெரியாது. நாத்தனார் கன்னமெல்லாம் கேக்கோடு ஓடி வந்தாள்.

“அண்ணி, வாயைத் திறங்க!”

“திறக்கிறேன். முதல்ல நீ கண்ணைத் திற. இதைப் பாரு.”

நாத்தனார் பார்த்தாள். அவளுக்கு விளக்கம் தேவைப்படவில்லை. உதடு மட்டும் அசைந்து கணக்குப் போட்டது.

“இருநூத்தித் தொண்ணூத்தேழு” என்றாள்.

“ஆமாடி. நான் காலைல வெச்ச பூஜ்யம் தப்பு. நான்தான்டி பண்ணினேன்.”

“வேற யாருக்குத் தெரியும்?”

“உனக்கும் எனக்கும்.”

நாத்தனார் அந்தப் பொத்தானையே பார்த்துக்கொண்டு நின்றாள். பின்னால் யாரோ பாட்டுப் பாட ஆரம்பித்திருந்தார்கள், சுதி சுத்தமாகச் சேரவில்லை.

“இல்லாத பதினாலு வினாடியை இருக்குன்னு நம்பி மேல அனுப்பினா, பாதி வழியில கடல்ல விழும் அண்ணி” என்றாள் கடைசியில். கன்னத்துக் கேக்கைக் கையால் துடைத்துக்கொண்டு நேரே இயக்குநரம்மாவிடம் போய்ச் சொன்னாள். பாட்டு நின்றது. இயக்குநரம்மா திரையைப் பார்த்தார், கணக்கைத் தானும் ஒருமுறை போட்டுப் பார்த்தார். “ரெண்டு வினாடி குறையுது. வருத்தமா இருக்கு. ஆனா குறையுதுன்னா குறையுதுதான்” என்றார்.

சாயங்காலம் எல்லோரும் பஸ்ஸில் வீடு திரும்பினார்கள். மண்ணெண்ணெய் மாமா தன் ஜன்னல் சீட்டை நாத்தனாருக்குக் கொடுத்துவிட்டு நடுவில் போய் நின்றுகொண்டார். வினாடியக்கா முன் சீட்டில், வீட்டுக்காரருக்குப் பக்கத்தில், இடிந்துபோய் உட்கார்ந்திருந்தாள். அவருக்கோ வாய் சும்மா இருக்காது.

“ஏம்மா, காலைலயே பூஜ்யம் வெச்சதுதான் தப்புங்கிறியா?”

“ஆமாங்க. பைப் குளிர்ந்தப்புறம் வெச்சிருக்கணும். பட்டன் பக்கத்துலயேதான் இருந்துது.”

“மாமா எஞ்சினுக்கு எப்ப வெப்பே?”

“அதுக்கும் ஏழு மணிக்குத்தான்.”

“அதுல குளிர்ற பைப்பே கிடையாதா?”

“மண்ணெண்ணெய் எதுக்குங்க குளிரப்போகுது. ஆக்சிஜன் பைப் மட்டும்...” என்றவள் அப்படியே வாயைப் பிளந்தாள். அதில் ஒரு பைப். இதில் இரண்டு. இதில் பதினாலு வினாடி என்றால் அதில் ஏறக்குறைய ஏழு. இருநூற்று எண்பத்தொன்பது இல்லை, இருநூற்று எண்பத்திரண்டு. அப்படியானால் மீத்தேனுக்கு வேண்டியது தொண்ணூற்றிரண்டு. வந்திருப்பதோ தொண்ணூற்றேழு!

சந்தோஷத்தில் கத்தத்தான் வாயெடுத்தாள். அதற்குள் அடுத்த கணக்கு வந்து நின்றது. நூற்று நாலு சோதனை, நூற்று நாலு கையெழுத்து, எல்லாவற்றிலும் ஏழு வினாடி பொய். சொன்னால் நாத்தனார் எஞ்சின் பிழைக்கும். எடை போட்டே பெயர் வாங்கியவளின் பெயர் இந்தப் பஸ்ஸிலேயே இறங்கிவிடும். முன்னால் தெரிந்த கண்ணாடியில் நாத்தனாரின் முகத்தைப் பார்த்தாள். அவள் அழக்கூட இல்லை, பேயறைந்தது போல வெளியே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“என்னங்க, வண்டியை நிறுத்துங்க!”

அவர் போட்ட பிரேக்கில் நாற்பது பேரும் முன் சீட்டில் முட்டிக்கொண்டார்கள். வினாடியக்கா எழுந்து கம்பியைப் பிடித்துக்கொண்டு, தன் ஆறடிக் குரலில் எல்லாவற்றையும் போட்டு உடைத்தாள். சொல்லி முடித்ததும் பின் சீட்டிலிருந்து ஒருவன் நக்கலாகச் சொன்னான்:

“நாத்தனார் ஏற முடியலைன்னதும் மாமாவைக் கீழ இறக்கறாங்கப்பா!”

நாலைந்து பேர் சிரித்தார்கள். வினாடியக்காவுக்குச் சுரீரென்றது.

“இறக்கல தம்பி. இருபது வருஷமா ஏத்தி வெச்சதே நான்தான். அதைத்தான் சொல்றேன், காதுல விழுதா?”

மண்ணெண்ணெய் மாமா சிரிக்கவில்லை. கூட்டத்தை விலக்கிக்கொண்டு முன்னால் வந்தார்.

“எத்தனை வினாடிம்மா?”

“ஏழு இருக்கும் மாமா.”

“ஏழா?”

“ஏறக்குறைய ஏழு.”

“சரியா ஏழுதானே? நல்லா யோசிச்சுச் சொல்லு.”

“ஒரு பைப்புக்கு அவ்வளவுதான் மாமா வரும்.”

அவர் ஒரு நொடி கம்பியில் நெற்றியைச் சாய்த்துக்கொண்டார். பிறகு டிரைவர் பக்கம் திரும்பினார். “வண்டியைத் திருப்புப்பா. நாளைக்குக் காலைல என் எஞ்சினைக் கொளுத்தணும். பைப் குளிர்ந்தப்புறம் பூஜ்யம் வெச்சு. இயக்குநரம்மா வீட்டுக்குப் போறதுக்குள்ள கேட்டாகணும்.”

நாற்பது பேரையும் ஏற்றிக்கொண்டு ஊழியர் பஸ் நடுரோட்டில் வட்டமடித்தது. பின்னால் வந்த வண்டிகளெல்லாம் ஹாரன் அடித்தன. வீட்டுக்காரர் ஆனந்தமாகத் திருப்பி அடித்தார். பிள்ளையைப் பள்ளியிலிருந்து கூட்டிவர வேண்டும் என்று முதலில் முணுமுணுத்தவர்கள்கூட, திடலின் கேட் கண்ணில் பட்டதும் “இன்னும் வேகமா ஓட்டுங்கண்ணே!” என்று கத்த ஆரம்பித்துவிட்டார்கள். காரில் ஏறிக்கொண்டிருந்த இயக்குநரம்மா, பஸ் தன்னை நோக்கிப் பாய்ந்து வருவதைப் பார்த்துக் காருக்குள் ஒளிந்துகொண்டார்.

மறுநாள் பத்து மணிக்கு மண்ணெண்ணெய் எஞ்சின் கூண்டில் தொங்கியது. ஆக்சிஜன் ஓடியது, பைப் வெளுத்தது. எஞ்சின் பற்றாமலே திரையில் இருநூற்றுச் சொச்சம் கிலோ வந்து நின்றதை எல்லோரும் கழுத்தை நீட்டிப் பார்த்தார்கள். வினாடியக்கா அப்போதுதான் பூஜ்யப் பொத்தானை அமுக்கினாள். தீ பாய்ந்தது, அணைந்தது. கோடு சமர்த்தாகப் பூஜ்யத்துக்கு வந்தது.

இருநூற்று எண்பத்திரண்டு.

நாத்தனாரின் எஞ்சின் பதினைந்து வினாடி மேலே. மீத்தேன் ஜெயித்தது. இந்த முறை நாத்தனார் யாரையும் தூக்கிச் சுற்றவில்லை. அண்ணியின் தோளில் முகத்தைப் புதைத்துக்கொண்டு, சிரிக்கிறாளா அழுகிறாளா என்று தெரியாதபடி குலுங்கினாள். அவளை ஒருவழியாகத் தண்ணீர் குடிக்க வைத்துவிட்டு வினாடியக்கா மண்ணெண்ணெய் மாமாவைத் தேடினாள். அறையில் காணோம். கூண்டுக்குப் போகலாம் என்று மணி அடித்ததும் முதல் ஆளாக அங்கே போய்விட்டார் என்றார்கள். தோற்ற மனிதர், அதுவும் தன்னால் தோற்ற மனிதர். ஓடினாள்.

மாமா எஞ்சின் முன்னால் நின்றுகொண்டிருந்தார். பனி உருகிப் பைப்பிலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. அவர் முகத்தைப் பார்த்து வினாடியக்கா குழம்பிப்போனாள். பிள்ளை பாஸானதைக் கேட்ட அப்பனின் முகம் அது.

“ஆறு தடவை பறந்துச்சும்மா” என்றார். “ஆறு தடவையும் நான் போட்ட கணக்கு உயரத்துக்குப் போகல. ஒவ்வொரு தடவையும் துல்லியமா ஏழு வினாடி துண்டு விழும். டேங்க் பண்றவங்களைத் திட்டினேன், காத்தைத் திட்டினேன். அப்புறம் இந்த எஞ்சினை, இவளையே திட்ட ஆரம்பிச்சிட்டேன். கீழ ஒன்னு காட்டறா, மேல போனதும் சோம்பேறியாயிடறான்னு. மூணு தடவை மொத்தமாப் பிரிச்சுப் போட்டு ஒவ்வொரு போல்ட்டா பார்த்தேன். ஒரு குறையும் கிடைக்கல. வெளிய சொன்னா கேவலம்னு வாயை மூடிக்கிட்டேன்.”

அவள் வைத்த பூஜ்யம் ஒரு மனிதரை இருபது வருடம் இப்படி அலைக்கழித்திருக்கிறது.

“மன்னிச்சிடுங்க மாமா” என்று எப்படியோ சொன்னாள். சொல்லும்போதே கண்ணீர் கொட்டிவிட்டது.

“அட, எதுக்கும்மா அழுவற? நேத்து பஸ்ல நீ வாயை மூடிட்டு இருந்திருந்தா, இவ சோம்பேறின்னு நெனச்சுக்கிட்டே நான் ஓய்வுல போயிருப்பேன்.” மாமா எஞ்சின் மேல் உள்ளங்கையை வைத்தார். “கீழ என்ன குடுத்தாளோ, அதையேதான் மேலயும் குடுத்திருக்கா பாவம். நான்தான் நம்பல.”

பிறகு சட்டைக் கையை இழுத்து விட்டுக்கொண்டு, எஞ்சின் மேல் வழிந்த தண்ணீரை மெதுவாகத் துடைக்க ஆரம்பித்தார். வினாடியக்காவும் முந்தானையை எடுத்துக்கொண்டு மறுபக்கம் போனாள்.